துக்கத்துக்குப் பிறகு மறுபடி ஆன்-கால்: எப்படித் திரும்புவது?

நடுநிசி_டிபிஏ (கேள்வி)

வணக்கம். நான் டிபிஏ, அதாவது டேட்டாபேஸ் நிர்வாகி. ஆன்-காலும் உண்டு: ராத்திரி எது விழுந்தாலும் முதலில் என் போன்தான் அடிக்கும். பல வருஷமாக அப்படியே பழகிவிட்டது.

இந்த வருஷத் தொடக்கத்தில் என் அண்ணன் சாலை விபத்தில் இறந்துவிட்டான். செய்தி வந்த ராத்திரி நான் ஆன்-காலில் இருந்தேன். போன் அடித்ததும் திரையில் யார் பெயர் என்றுகூடப் பார்க்கவில்லை. ஒரு கையால் லேப்டாப்பைத் திறந்துகொண்டே இன்னொரு கையால் எடுத்தேன். ரெப்ளிகா (டேட்டாபேஸின் நகல்) பின்தங்கியிருக்கும், இல்லையென்றால் டிஸ்க் நிரம்பியிருக்கும் என்றுதான் மனதில் ஓடியது. பேசியது அண்ணி.

விடுப்பு முடிந்து வேலைக்கு வந்து கொஞ்ச காலமாகிறது. பகலில் நன்றாகவே இருக்கிறேன். மெதுவாக ஓடும் க்வெரியைப் பிடித்துத் திருத்துகிறேன், யாராவது ஜோக் அடித்தால் சிரிக்கவும் செய்கிறேன். ராத்திரிதான் சிக்கல். எந்த போன் சத்தம் கேட்டாலும் எனக்கு முன்னால் என் உடம்பு எழுந்து உட்கார்ந்துவிடுகிறது. கை நடுங்குகிறது. வந்தது ஏதோ விளம்பர அழைப்பு என்று தெரிந்த பிறகும் அன்றைய தூக்கம் போனது போனதுதான்.

மேலாளர் நல்ல மனிதர். "அடுத்த மாதத்திலிருந்து உன்னை ரோட்டாவில் சேர்க்கட்டுமா, இல்லை இன்னும் கொஞ்ச நாள் போகட்டுமா?" என்று கேட்டிருக்கிறார். ரோட்டா என்றால் ஆன்-கால் முறைப் பட்டியல். என் முறையையும் சேர்த்து மற்றவர்கள்தான் சுமக்கிறார்கள். அதில் ஒருவருக்குக் கைக்குழந்தை. எனவே 'போகட்டும்' என்று சொல்ல வாய் வரவில்லை, 'சரி' என்று சொல்ல நெஞ்சு வரவில்லை.

நம் தொழிலில் எல்லாவற்றுக்கும் ஒரு கணக்கு உண்டு. சர்வர் விழுந்தால் எவ்வளவு நேரத்தில் எழ வேண்டும் என்பதற்கு ஆர்டிஓ. எவ்வளவு தரவு போனாலும் தாங்கலாம் என்பதற்கு ஆர்பிஓ. இரண்டையும் எழுதிக் கையெழுத்துப் போட்டு வைத்திருப்போம். மனுஷனுக்கு அப்படி யாரும் எழுதி வைப்பதில்லை. எல்லோரும் சொல்வது ஒன்றுதான்: "சீக்கிரம் பழையபடி ஆகிவிடுவாய்." பழைய ஸ்னாப்ஷாட்டை (அந்த நேரத்து நகலை) ரீஸ்டோர் செய்வது போல.

இழப்போ, நோயோ, எதுவாக இருந்தாலும் அதிலிருந்து மீண்டு ராத்திரி வேலைக்குத் திரும்பியவர்கள் இங்கே இருக்கிறீர்களா? எப்படித் திரும்பினீர்கள்? தத்துவம் வேண்டாம். ரன்புக் மாதிரி, படிப்படியாக என்ன செய்வது என்று, ஏதாவது இருந்தால் சொல்லுங்கள்.

---

பழைய_சிஸ்அட்மின்

தம்பி, ரொம்ப வருத்தமாக இருக்கிறது. ஆறுதல் சொல்ல எனக்கு வராது, செய்ய வேண்டியதைச் சொல்கிறேன்.

இன்றைக்கே இரண்டு போனைப் பிரியுங்கள். ஆபீஸ் அலாரத்துக்குத் தனிக் கருவி, தனிச் சத்தம். குடும்பத்து போன் வேறு. அலாரம் வரும் ஆப்பில் அவசரத்துக்கு ஏற்ப வேறு வேறு சத்தம் வைக்க முடியும், நீங்கள் இதுவரை கேட்டே இராத ஒன்றை வையுங்கள். எந்தச் சத்தம் எதற்கு என்று காதுக்கே தெரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

இரண்டாவது, உங்கள் பேக்கப் ஆட்கள் யார் என்று பாருங்கள். நிரல்களைச் சேமித்து வைக்கும் தளமான கிட்லேப்பின் 2017 ஜனவரி 31 கதை டிபிஏ-வான உங்களுக்குத் தெரியாமல் இருக்காது. பிரைமரி டேட்டாபேஸின் டைரக்டரி தவறுதலாக அழிந்தது. சுமார் 300 ஜிபியில் 4.5 ஜிபிதான் மிச்சம். சரி, பேக்கப் இருக்கிறதே என்று போய்ப் பார்த்தால் பேக்கப் எடுக்கும் பிஜி_டம்ப் தோல்வியடைந்துகொண்டே இருந்திருக்கிறது. டேட்டாபேஸின் பதிப்பு 9.6, டம்ப் எடுக்கும் கருவியின் பதிப்பு 9.2, இரண்டும் ஒத்துப்போகவில்லை. தோல்வி என்று சொல்லும் மெயில்கள் வழியிலேயே நிராகரிக்கப்பட்டு, யார் கண்ணிலும் படவில்லை. கடைசியில் காப்பாற்றியது வேறு ஏதோ சோதனைக்காக ஒரு பொறியாளர் சுமார் ஆறு மணி நேரத்துக்கு முன் கையால் எடுத்து வைத்த ஒரு ஸ்னாப்ஷாட்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், 'தேவைப்பட்டால் கூப்பிடு' என்று சொன்னவர்கள் எல்லாம் சோதித்துப் பார்க்காத பேக்கப்தான். ஒருவரையாவது ஒரு ராத்திரி, ஒன்றும் ஆகாதபோதே, கூப்பிட்டுப் பாருங்கள். எடுக்கிறாரா என்று தெரியும். எடுத்தால் அந்தப் பெயரை எழுதி வையுங்கள்.

---

இடக்கை_தட்டச்சு

நான் நெட்வொர்க் பக்கம். வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. சில வருஷங்களுக்கு முன் எனக்கு ஸ்ட்ரோக் வந்தது. வலது கை விழுந்தது, பேச்சும் குழறியது. இப்போது மறுபடி வேலையில் இருக்கிறேன், ஆன்-காலிலும் இருக்கிறேன். உங்கள் இழப்பும் என் நோயும் ஒன்றல்ல. ஆனால் 'பழையபடி ஆகிவிடுவாய்' என்ற அந்த ஒரு வரியை நானும் நிறையக் கேட்டிருக்கிறேன். அதனால் அந்த இடத்திலிருந்து எழுதுகிறேன்.

வேலைக்குத் திரும்பிய முதல் நாள் லேப்டாப்பில் நுழையவே முடியவில்லை. பாஸ்வேர்ட் மறந்துபோகவில்லை. யோசித்துப் பார்த்தால் அது என்றைக்குமே எனக்குத் தெரிந்ததில்லை, என் விரல்களுக்குத்தான் தெரியும். தினமும் அடித்து அடித்து எழுத்துகளாக அது மனதில் இல்லவே இல்லை. வலது கை கீபோர்டு மேல் சும்மா கிடந்தது. இடது கையால் தொட்டுத் தொட்டுப் பார்த்தேன், ஒன்றும் வரவில்லை. உதவிப்பிரிவுக்குப் பேசி ரீசெட் வாங்கினேன். அப்போது 'ரவுட்டர்' என்று சொல்ல நினைத்தால் 'கதவு' என்று வரும். எதிர்முனையில் இருந்த பையன் பொறுமையாகக் கேட்டுக்கொண்டான். அவன் யாரென்று இன்றுவரை தெரியாது.

டாக்டர் எனக்குச் சொன்னதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். மூளையில் செத்த இடம் செத்ததுதான், அது திரும்ப முளைக்காது. அந்த இடம் செய்துகொண்டிருந்த வேலையைச் சுற்றியிருக்கும் பகுதிகளும் வேறு பகுதிகளும் கொஞ்சம் கொஞ்சமாகக் கற்றுக்கொள்ளும். அதற்குத் திரும்பத் திரும்பச் செய்வதுதான் வழி. ரீஸ்டோர் என்று ஒன்று கிடையாது.

அப்போது எனக்கு இது அரைகுறையாகத்தான் புரிந்தது. 2024-இல் வாயேஜர் 1 செய்தியைத் தொடர்ந்து படித்தபோதுதான் முழுசாகப் பிடிபட்டது. 1977-இல் கிளம்பிய கலம். 2023 நவம்பரில் திடீரென்று அதிலிருந்து அர்த்தமில்லாத ஒன்றும் பூஜ்யமும் வர ஆரம்பித்தன. தரவைத் தொகுத்து அனுப்பும் கணினியின் நினைவகத்தில் சுமார் 3 சதவீதம் கெட்டுப்போயிருந்தது, ஒரு சிப் போய்விட்டது. அவ்வளவு தூரத்துக்கு யாரும் போய் சிப்பை மாற்ற முடியாது. சிக்னல் போய்ச்சேரவே 22 மணி நேரத்துக்கு மேல், பதில் வர அதே அளவு. கெட்ட இடத்தில் இருந்த நிரலை வேறு இடத்துக்கு நகர்த்தலாம் என்றால் அதை மொத்தமாக வைக்கிற அளவுக்குக் காலி இடம் எங்கேயும் இல்லை. துண்டு துண்டாக வெட்டி, கிடைத்த சந்துகளில் எல்லாம் வைத்தார்கள். ஏப்ரலில் கலம் மறுபடி தன் உடல்நிலையைப் புரியும்படி சொல்ல ஆரம்பித்தது. அறிவியல் தரவு முழுசாகத் திரும்ப ஜூன் ஆனது. அந்த சிப் இன்றைக்கும் கெட்டுத்தான் கிடக்கிறது.

இதில் நான் திரும்பத் திரும்ப நினைப்பது வெட்டி வைத்ததைப் பற்றி அல்ல. நிரலை நகர்த்தினால் மட்டும் போதாது. பழைய முகவரியைக் கூப்பிடுகிற ஒவ்வொரு இடத்தையும் தேடிப் பிடித்துப் புது முகவரிக்குத் திருத்த வேண்டும். ஒன்றை விட்டால் கலம் மறுபடி அந்தச் செத்த இடத்துக்குத்தான் போய் நிற்கும். ஸ்ட்ரோக்குக்கு அப்புறம் என் நாட்கள் முழுக்க இந்த வேலைதான். கையெழுத்து, மவுஸ், சட்டைப் பட்டன், பாஸ்வேர்ட், சுருக்குவிசைகள். வலது கை என்ற முகவரியைக் கூப்பிடும் ஒவ்வொன்றும் தானாக வந்து முட்டி நிற்கும், அப்போதுதான் 'ஓ, இதுவும் இருக்கிறதா' என்று தெரியும். பட்டியல் போட்டு முன்கூட்டியே திருத்த முடியவில்லை.

உங்களுக்கு 'ராத்திரி அடிக்கும் போன்' என்பது அப்படி ஒரு முகவரி. முன்பு அது டிஸ்க்கைக் காட்டியது, இப்போது அண்ணனைக் காட்டுகிறது. சத்தத்தை மாற்றச் சொன்ன பெரியவர் சரியாகத்தான் சொல்கிறார். அதோடு சேர்த்து இன்னும் என்னென்ன அந்த இடத்தைக் கூப்பிடுகிறது என்று பாருங்கள். அவசரத் தொடர்பு என்று ஆபீஸ் படிவத்தில் அண்ணன் பெயர்தான் இருக்கிறதா? என் கணவருடைய நண்பருக்கு இப்படித்தான் ஒரு படிவத்தைத் திறந்த இடத்தில் நாள் முழுக்க வேலை ஓடாமல் போயிற்று. பகலில், ஆள் துணையோடு, நீங்களாகத் திறந்து மாற்றிவிடுங்கள்.

அடுத்து, எவ்வளவு சுமை என்பது. இது என் துறை, கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். 1986 அக்டோபரில் இன்டர்நெட் முதன்முதலாகத் திணறி விழுந்தது. லாரன்ஸ் பெர்க்லி ஆய்வகத்துக்கும் பெர்க்லி பல்கலைக்கழகத்துக்கும் நடுவே 400 கஜம்தான். அதற்குள் வேகம் விநாடிக்கு 32 கிலோபிட்டிலிருந்து 40 பிட்டுக்கு விழுந்தது. தொலைந்த பாக்கெட்டை (தரவுத் துண்டை) ஒவ்வொரு மெஷினும் அவசர அவசரமாகத் திரும்ப அனுப்பியது, அந்த அவசரமே நெரிசலை மோசமாக்கியது. வான் ஜேக்கப்சன் என்பவர் 1988-இல் எழுதிய தீர்வுதான் இன்றைய டிசிபியில் (இணையத்தில் தரவு அனுப்பும் விதிமுறை) நெரிசலைக் கட்டுப்படுத்துவதற்கு அடிப்படை. சின்னதாக ஆரம்பி. 'வந்து சேர்ந்தது' என்று எதிர்முனை சொன்னால் மட்டும் கூட்டு. தொலைந்தால் சட்டென்று குறை, மறுபடி மெல்ல ஏறு. தொடக்கத்தில் அது இரட்டிப்பு இரட்டிப்பாக ஏறும், ஒரு வரம்புக்கு மேல் ஒவ்வொன்றாகத்தான் ஏறும். மனுஷருக்கு அந்த இரண்டாம் கட்டத்தை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

நான் திரும்பியது இப்படித்தான். முதலில் வேலைநேர அலாரம் மட்டும். அப்புறம் சாயங்காலம் வரை. அப்புறம் வாரநாள் ராத்திரி, செகண்டரியாக, அதாவது முதல் ஆள் எடுக்காவிட்டால் மட்டும். நடுவில் ஒரு வாரம் களைப்பு தாங்காமல் படுத்துவிட்டேன். ஸ்ட்ரோக் வந்தவர்களுக்கு அந்தக் களைப்பு ஒரு தனி ஜாதி, தூங்கினாலும் போகாது. அந்த வாரம் பின்னால் ஒரு படி இறங்கினேன், ரோட்டாவை விட்டே வெளியேறவில்லை. பாக்கெட் தொலைந்தால் வேகத்தைக் குறைக்கத்தான் டிசிபி சொல்கிறது, கேபிளைப் பிடுங்கச் சொல்லவில்லை.

---

உவமை_ஒவ்வாமை

அக்கா எழுதியது அருமை. ஆனாலும் இந்தக் குழுவில் யாராவது இதைச் சொல்ல வேண்டும்: சர்வர் அழாது. எல்லாவற்றையும் ஆர்டிஓவாகப் பார்க்கும் நம் பழக்கமே சில சமயம் வினை.

நான் படித்தது உளவியல், பிழைப்புக்குத்தான் கோட் எழுதுகிறேன். துக்கத்தைப் பற்றி ஆராய்ச்சி செய்தவர்கள் நாம் இங்கே ஒன்றாகப் போட்டுக் குழப்பும் இரண்டு விஷயங்களைப் பிரித்தே வைத்திருக்கிறார்கள். கொலம்பியா பல்கலைக்கழகத்தின் ஜார்ஜ் பொனானோ 2004-இல் எழுதிய கட்டுரையில் வருவது இது. இழப்புக்குப் பிறகும் சிலர் பெரிதாகக் குலையாமல் ஓரளவு சீராகவே நடமாடுவார்கள், அது தாங்குதிறன். சிலர் மாதக்கணக்கில் நிலைகுலைந்து, பிறகு மெல்ல மெல்ல எழுவார்கள், அது மீட்சி. இரண்டும் வேறு வேறு பாதை. முதல் வகை நாம் நினைப்பதைவிட ரொம்ப சாதாரணம் என்பதுதான் அவர் சொன்னது. ஆகவே பகலில் சிரிக்கிறோமே, அண்ணன் மேல் பாசம் இல்லையோ என்று உங்களுக்குத் தோன்றியிருந்தால், அதைத் தூக்கிப் போடுங்கள்.

இன்னொன்று, மார்கரெட் ஸ்ட்ரோபும் ஹெங்க் ஷூட்டும் 1999-இல் முன்வைத்த மாதிரி. துக்கத்தில் இருப்பவர் இரண்டு பக்கமும் மாறி மாறிப் போய்வருகிறார். கொஞ்ச நேரம் இழப்பின் பக்கம், கொஞ்ச நேரம் வாழ்க்கையைத் திரும்பக் கட்டும் பக்கம். ஒன்றை முடித்துவிட்டுத்தான் அடுத்ததற்குப் போவது என்று இல்லை. பகலில் இண்டெக்ஸ் போடுவதும் ராத்திரி நடுங்குவதும் முரண்பாடு கிடையாது. போய்வருவதுதான் அதன் வேலை செய்யும் முறையே.

இப்போது கறாராக ஒன்று. சத்தம் கேட்டால் கை நடுங்குவது, தூக்கம் அறுந்து போவது, இதெல்லாம் ரோட்டாவால் தீரும் என்று மட்டும் நம்பாதீர்கள். மனநல ஆலோசகரையோ டாக்டரையோ ஒருமுறை பாருங்கள். சத்தத்துக்குப் பயப்படுவதைப் படிப்படியாகக் குறைக்க அவர்களிடம் முறைகள் இருக்கின்றன. தானாகச் செய்து பார்த்தால் சில சமயம் பயம் கூடிவிடும். துக்கம் ரொம்ப காலம் அதே கூர்மையோடு நீடித்து அன்றாடத்தையே முடக்கினால் அதற்கு இப்போது மருத்துவத்தில் தனிப் பெயரே உண்டு. உலக சுகாதார நிறுவனத்தின் நோய்ப் பட்டியலில் ஆறு மாதத்துக்குக் குறையாமல், அமெரிக்க உளவியல் மருத்துவச் சங்கத்தின் நோய்க் கையேட்டின் 2022 பதிப்பில் பெரியவர்களுக்கு ஒரு வருஷம் என்று வைத்திருக்கிறார்கள். உங்களுக்கு அது இருக்கிறது என்று நான் சொல்லவில்லை. நீங்கள் கேட்ட ஆர்டிஓவுக்குப் பக்கத்தில் வரக்கூடிய ஒரே எண் இதுதான், அதுவும் 'இதற்குள் எழுந்துவிடு' என்று சொல்லும் கெடு அல்ல, 'இதற்கு மேலும் போனால் உதவி கேள்' என்று சொல்லும் எண்.

---

நடுநிசி_டிபிஏ

எல்லோருக்கும் நன்றி. அக்கா, உங்கள் பதிலைப் படித்துவிட்டு ஆபீஸ் படிவத்தைத் திறந்து பார்த்தேன். ஆமாம், அண்ணன் பெயர்தான். பக்கத்து இருக்கை நண்பரை உட்கார வைத்துக்கொண்டு மாற்றினேன்.

போனைப் பிரிப்பதில் ஒரு சிக்கல். ஆபீஸ் கருவிக்குப் புதுச் சத்தம் வைத்துவிட்டேன், அது பிரச்சினை இல்லை. குடும்பத்து போனைத்தான் என்ன செய்வதென்று தெரியவில்லை. ராத்திரி அதை சைலன்ட்டில் போட முடியாது. அண்ணி சில ராத்திரி தூக்கம் வராமல் கூப்பிடுவார், அம்மாவும் அப்படித்தான். அவர்கள் கூப்பிடக்கூடாது என்று நான் எப்படிச் சொல்வது? ஆனால் அவர்கள் பெயர் திரையில் வந்தாலே எனக்கு அந்த ராத்திரிதான்.

உவமை_ஒவ்வாமை, பகலில் சிரிப்பதைப் பற்றி நீங்கள் எழுதிய வரியை நிறைய நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். ஆலோசகரிடம் நேரம் கேட்டிருக்கிறேன்.

---

இடக்கை_தட்டச்சு

அழைப்புக்கு முன்னால் ஒரு வரிச் செய்தி. 'அவசரம் இல்லை, சும்மா பேசணும்' என்று அனுப்பிவிட்டு ஒரு நிமிஷம் கழித்துக் கூப்பிடச் சொல்லுங்கள். நெட்வொர்க்கிலும் நேரே தரவைக் கொட்டுவதில்லையே, முதலில் கைகுலுக்கிக்கொண்டுதான் பேச ஆரம்பிக்கிறோம். செய்தி இல்லாமல் அழைப்பு வந்தால் அது அவசரம் என்று இரு பக்கமும் வைத்துக்கொள்ளலாம். இதை அண்ணியிடம் உங்களுக்காக என்று கேளுங்கள். ராத்திரி உங்கள் பெயர் வந்தால் அவருக்கும் திக்கென்றுதான் இருக்கும்.

---

மேலாளர்_நாற்காலி

நான் ரோட்டா போடும் ஆள், அந்தப் பக்கத்திலிருந்து எழுதுகிறேன்.

கைக்குழந்தைக்காரரை நினைத்து உங்களுக்கு உறுத்துகிறது, புரிகிறது. ஆனால் ஒருவர் விலகினதும் மற்றவர்கள் திணறினால் அது ரோட்டாவின் கோளாறு, அதைத் திருத்துவது மேலாளர் வேலை. கூகுளில் சேவைகள் விழாமல் பார்த்துக்கொள்ளும் எஸ்ஆர்இ குழுவினர் வெளியிட்ட வழிமுறையில் ஒரே இடத்தில் இருக்கும் குழு 24 மணி நேரமும் பார்க்க வேண்டுமென்றால் குறைந்தது 8 பேர் வேண்டும், யாருடைய நேரத்திலும் ஆன்-கால் 25 சதவீதத்தைத் தாண்டக்கூடாது என்று இருக்கிறது. எல்லா இடத்திலும் இது நடக்காது. என் குழுவிலும் 8 பேர் இல்லை. ஆனால் எத்தனை பேர் குறைச்சல் என்று மேலிடத்தில் காட்ட இந்தக் கணக்கை நான் வெட்கமில்லாமல் பயன்படுத்துகிறேன்.

நெட்ஃபிளிக்ஸின் கேயாஸ் மங்கி தெரியும்தானே. ஓடிக்கொண்டிருக்கும் சர்வர்களில் ஒன்றை வேண்டுமென்றே கொன்றுவிடும், அப்போது சேவை தாங்குகிறதா என்று பார்ப்பார்கள். 2012-இல் திறந்த மூலமாக வெளியிட்டார்கள். நீங்கள் இல்லாத மாதங்களில் உங்கள் குழுவுக்கு நடந்ததும் கிட்டத்தட்ட அதுதான், யாரும் விரும்பிச் செய்யவில்லை என்றாலும். உங்களுக்கு மட்டுமே தெரிந்திருந்த எத்தனை விஷயங்களை இப்போது மற்றவர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள் என்று கேட்டுப் பாருங்கள். எங்கள் குழுவில் ஒருவர் மகப்பேறு விடுப்பில் போன பிறகுதான் ஃபெயில்ஓவர் (ஒன்று விழுந்தால் மாற்று சர்வருக்கு மாறுவது) ரன்புக்கே உருவானது.

கேயாஸ் மங்கியில் எனக்கு முக்கியமாகப் பட்டது வேறு. அதை வேலை நேரத்தில்தான் ஓட விடுவார்கள். எல்லோரும் விழித்திருக்கும்போது, உதவி பக்கத்தில் இருக்கும்போது. உங்கள் மேலாளரிடம் கேட்டு நீங்களும் அப்படியே செய்யலாம். மத்தியானம், ஆபீஸில் உட்கார்ந்திருக்கும்போது, எப்போது என்று முன்பே பேசி வைத்து, சோதனை அலாரம் ஒன்றை அந்தப் புதுச் சத்தத்தில் அடிக்கச் சொல்லுங்கள். அலாரத்தைப் பார்த்தேன் என்று ஒப்புக்கொண்டு, லாகின் செய்து மூடிவிடுங்கள், அவ்வளவுதான். உளவியல் படித்தவர் சொன்னது போல, இதையும் ஆலோசகரிடம் கேட்டுவிட்டுச் செய்யுங்கள்.

நேரக் கெடுவைப் பற்றி. 2017 பிப்ரவரி 28 அன்று அமேசானின் தரவுச் சேமிப்புச் சேவையான எஸ்3 விழுந்தபோது எழுப்ப ஏன் அவ்வளவு நேரமானது என்று அவர்களே எழுதினார்கள். அதன் முக்கியமான உள் அமைப்புகளைப் பெரிய வட்டாரங்களில் பல வருஷமாக முழுசாக ரீஸ்டார்ட் செய்ததே இல்லை. அதற்குள் அது பெரிதாக வளர்ந்துவிட்டது. சரிபார்ப்புகளை எல்லாம் முடித்து எழ எதிர்பார்த்ததைவிட நேரம் பிடித்தது. பல வருஷமாக முதல் அலாரம் உங்களுக்குத்தான் என்று எழுதியிருக்கிறீர்கள். நின்று எழுந்த அனுபவமே இல்லாத அமைப்புக்கு யாரும் முன்கூட்டி ஆர்டிஓ சொல்ல முடியாது. மேலாளரிடம் தேதி கொடுக்காதீர்கள், படிகளைக் கொடுங்கள்.

---

எர்லாங்_பையன்

சின்னதாக ஒன்று சேர்க்கிறேன். எர்லாங் என்ற நிரல் மொழியில் ஒரு ப்ராசஸ் (ஓடிக்கொண்டிருக்கும் வேலை) செத்தால் அதன் சூப்பர்வைசர் மறுபடி எழுப்பும், இது எல்லோருக்கும் தெரியும். ஆனால் அந்த சூப்பர்வைசருக்கும் ஓர் எல்லை உண்டு என்பதைப் பலர் கவனிப்பதில்லை. இயல்பு அமைப்பில் 5 விநாடிக்குள் ஒரு முறைக்கு மேல் எழுப்ப வேண்டி வந்தால், அது தன் பிள்ளைகளை நிறுத்திவிட்டுத் தானும் நின்றுவிடும். விஷயம் அதற்கு மேலே இருப்பவரிடம் போகும். அந்த எண்ணை கோட் எழுதும்போதே போட்டுவிடுகிறோம், விழும் நேரத்தில் யோசிப்பதில்லை.

நீங்களும் ராத்திரிக்கு ஓர் எண் போட்டு வையுங்கள் அண்ணா. ஒரு ராத்திரியில் இத்தனை அலாரத்துக்கு மேல் வந்தால், அல்லது ஒன்று வந்து நடுக்கம் நிற்கவில்லை என்றால், செகண்டரிக்குத் தள்ளிவிடுவது. காரணம் சொல்லத் தேவையில்லாத ஒரு பட்டன். அந்த நேரத்தில் 'தள்ளலாமா வேண்டாமா' என்று உங்களையே கேட்டுக்கொள்ள வேண்டியிருந்தால் நீங்கள் தள்ளமாட்டீர்கள், எனக்கு உங்களைத் தெரியாது, ஆனால் டிபிஏக்களைத் தெரியும்.

---

நடுநிசி_டிபிஏ

மேலாளரிடம் பேசிவிட்டேன். தேதி கேட்கவில்லை. படிகளாக எழுதிக் கொடு என்றார். இந்த மாதம் வேலைநேர அலாரம் மட்டும். அது சரியாகப் போனால் சாயங்காலம். ராத்திரி என்று வரும்போது செகண்டரியாக, குழுவில் ஒருவரோடு ஜோடியாக. கைக்குழந்தைக்காரர் ராத்திரி முறையிலிருந்து இப்போதைக்கு விலகுகிறார், அவர் இடத்துக்கு வேறு குழுவிலிருந்து ஒருவரைத் தற்காலிகமாகக் கேட்டிருக்கிறார்கள். அதை நான் கேட்கவே இல்லை, மேலாளரே செய்தார். அண்ணியும் முதலில் செய்தி அனுப்பிவிட்டுக் கூப்பிடச் சம்மதித்தார்.

ஆலோசகர் சோதனை அலாரத்துக்குச் சரி என்றார், இரண்டு நிபந்தனை போட்டார். நேரம் எனக்கு முன்பே தெரிய வேண்டும். நிறுத்து என்றால் நிறுத்த ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும்.

ஒரு நடைமுறைக் கேள்வி மிச்சம். எங்கள் அமைப்பில் பிரைமரி (முதலில் அலாரம் போகும் ஆள்) 5 நிமிஷத்துக்குள் ஒப்புக்கொள்ளாவிட்டால்தான் செகண்டரிக்குப் போகும். எர்லாங் தம்பி சொன்ன பட்டனை இதில் எப்படி வைப்பது? நான் பிரைமரியாக மாறும் காலம் வந்தால், அந்த 5 நிமிஷம் நான் திரையைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருப்பேனோ என்று பயமாக இருக்கிறது.

---

பழைய_சிஸ்அட்மின்

காத்திருக்கும் நேரத்தை உங்கள் முறைக்கு மட்டும் 1 நிமிஷமாகக் குறைக்கச் சொல்லுங்கள். நீங்கள் ஏற்கவில்லை என்றால் தானாக அடுத்தவருக்குப் போகும், நீங்கள் ஒன்றும் அழுத்த வேண்டாம். முதல் சில வாரத்துக்கு இன்னும் எளிது: இருவருக்கும் ஒரே சமயத்தில் அடிக்கும்படி ஒரே படியில் இரண்டு பெயரையும் போடுங்கள். யார் முதலில் ஒப்புக்கொள்கிறாரோ அவருக்கு. இரண்டாமவர் போனிலும் சத்தம் அடிக்கும் என்று அவரிடம் முன்பே சொல்லிவிடுங்கள். மாற்றியதும் ஒருமுறை சோதித்துப் பாருங்கள், பகலில். பெயர் வரிசையை மாற்றிய பிறகு சேமிக்க மறந்து ஒரு வாரம் பழைய ரோட்டாவே ஓடிய இடங்களை நான் பார்த்திருக்கிறேன்.